பிறந்த வீடு ஜெர்மனி, புகுந்த வீடு கிரீஸ்: அரசி ஃப்ரெடரிக்காவும் அவர் குடும்பமும்

1947 நவம்பர் 20. லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்தில் இளவரசி எலிசபெத்துக்கும் பிலிப்புக்கும் கல்யாணம். மாப்பிள்ளைக்கு உயிரோடு இருந்த அக்காமார் மூன்று பேர். மூவருமே ஜெர்மானியர்களுக்கு வாழ்க்கைப்பட்டவர்கள். போர் முடிந்து மூன்று ஆண்டுகூட நிறையாத பிரிட்டனில் அந்த உறவை வெளியே காட்ட முடியாது. அதனால் கூடப்பிறந்த தம்பியின் கல்யாணத்துக்கு அவர்களில் ஒருவருக்கும் அழைப்பு போகவில்லை.

அதே தேவாலயத்தில், அரச விருந்தினர் வரிசையில், ஜெர்மனியில் பிறந்த ஒரு பெண் உட்கார்ந்திருந்தார். ஜெர்மனியின் கடைசிச் சக்கரவர்த்தி கெய்சர் இரண்டாம் வில்ஹெல்மின் சொந்தப் பேத்தி அவர். அழைப்பு கிடைக்காத அக்காமாரில் இளையவரான சோஃபி, இவருடைய அண்ணன் மனைவி. அண்ணிக்கு அடைத்த கதவு நாத்தனாருக்குத் திறந்ததற்குக் காரணம் ஒன்றுதான்: இவர் அப்போது கிரேக்க நாட்டின் அரசி. பெயர் ஃப்ரெடரிக்கா.

தன் பெயரில் ஆளும் அரசி வேறு, அரசரைக் கைப்பிடித்ததால் அரசியாகிறவர் வேறு. இரண்டாவது வகை அரசிக்கு அரசியல் சட்டத்தில் எழுதிக் கொடுத்த அதிகாரம் எதுவும் கிடையாது. யாருக்கு மகள், யாருக்கு மனைவி, யாருக்குத் தாய் என்பதில்தான் அவருடைய செல்வாக்கு முழுவதும் அடங்கியிருக்கிறது. ஃப்ரெடரிக்காவுக்கு இந்த மூன்றும் மாறி மாறி ஏணியாகவும் பாரமாகவும் ஆயின. இருபதாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் அரச குடும்பங்கள் எப்படி விழுந்தன, சில எப்படித் தப்பின என்று புரிந்துகொள்ள, மன்னர்களின் வரலாற்றைவிட இந்தப் பெண்ணின் குடும்ப வரலாறு அதிகம் உதவும் என்பது என் எண்ணம்.

அவர் பெற்றோரின் கல்யாணத்திலிருந்து தொடங்க வேண்டும். 1866-ல் பிரஷ்யா பக்கத்து நாடான ஹனோவரைப் பிடுங்கித் தன்னோடு சேர்த்துக்கொண்டது. ஹனோவர் அரச குடும்பத்துக்கும் பிரஷ்ய அரச குடும்பத்துக்கும் அன்றிலிருந்து தீராப் பகை. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு கழித்து, 1913 மே 24 அன்று, பறிகொடுத்த குடும்பத்தின் பேரன் எர்ன்ஸ்ட் ஆகஸ்டும் பறித்த குடும்பத்தின் பெண்ணான கெய்சரின் ஒரே மகள் விக்டோரியா லூயிசேயும் பெர்லினில் மணந்துகொண்டார்கள். ரஷ்ய ஜார் இரண்டாம் நிக்கோலஸ் வந்தார். பிரிட்டன் அரசர் ஐந்தாம் ஜார்ஜ் வந்தார். மூன்று பேரரசர்களும் நெருங்கிய சொந்தக்காரர்கள். அடுத்த ஆண்டு ஆகஸ்டில் கெய்சரின் படைகள் ஒரு பக்கமும் மற்ற இருவரின் படைகள் எதிர்ப்பக்கமும் நின்று சுட்டுக்கொண்டிருந்தன. கல்யாணத்தால் நாடுகளுக்குள் சமாதானம் வரும் என்ற பழைய நம்பிக்கையை அந்தப் பந்தி வரிசையைவிடத் தெளிவாகப் பொய்யாக்கிய நிகழ்ச்சி வேறில்லை.

ஃப்ரெடரிக்கா பிறந்தது 1917 ஏப்ரல் 18, ஹார்ட்ஸ் மலையடிவாரத்தில் உள்ள பிளாங்கன்பர்க்கில். அப்பா அப்போது பிரன்ஸ்விக் சிற்றரசின் பிரபு. குழந்தைக்கு ஒன்றரை வயது நிறைந்தபோது ஜெர்மனி தோற்றது. தாத்தா நெதர்லாந்துக்கு ஓடினார். அப்பாவும் பதவி துறந்தார். அரண்மனையில் பிறந்த அந்தக் குழந்தைக்கு நாட்டு உரிமை இல்லை, பட்டப்பெயர் மட்டும் மிச்சம். நான்கு ஆண் பிள்ளைகளுக்கு நடுவே ஒரே பெண். இங்கிலாந்தில் கொஞ்ச காலம், இத்தாலியின் ஃபிளாரன்ஸில் கொஞ்ச காலம் என்று படிப்பு. இடையில் நாஜி ஆட்சியில், பள்ளி வயதில், ஹிட்லர் இளைஞர் படையின் பெண்கள் பிரிவில் சேர்ந்திருந்தார். இதைப் பின்னாளில் அவர் எதிரிகள் ஒருநாளும் மறக்கவிடவில்லை.

மாப்பிள்ளை பாவ்லோஸ், கிரேக்க இளவரசர், பதினைந்து வயது மூத்தவர். உறவுக்காரரும்கூட. பாவ்லோஸின் தாய் சோஃபி, கெய்சரின் தங்கை. அதாவது ஃப்ரெடரிக்காவின் தாய்க்கு அத்தை மகன்தான் பாவ்லோஸ். தமிழ் முறைக் கணக்கில் தாயின் அத்தை மகன் சித்தப்பா முறையாகிவிடுவார், பேச்சுக்கே இடமில்லை. அப்பா வழியில் பார்த்தால் கணக்கு மாறுகிறது. அப்பாவின் தாய் தைரா, டென்மார்க் அரசர் ஒன்பதாம் கிறிஸ்டியனின் மகள். தைராவின் அண்ணன் ஜார்ஜ் 1863-ல் பதினேழு வயதில் கிரேக்க அரசராகப் போனவர். அவருடைய பேரன்தான் பாவ்லோஸ். இந்த வழியில் பாவ்லோஸ் முறை மாப்பிள்ளையே ஆகிறார். ஐரோப்பிய அரச குடும்பங்கள் எவ்வளவு பின்னிக் கிடந்தன என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குக் கிடைக்கவில்லை. பெண்களையும் பிள்ளைகளையும் பல அரியணைகளுக்கு அனுப்பியதால் ‘ஐரோப்பாவின் மாமனார்’ என்று பெயர் வாங்கியவர் அந்த டென்மார்க் அரசர்.

பாவ்லோஸும் அரண்மனை சுகம் கண்டவர் இல்லை. 1924-லிருந்து 1935 வரை கிரீஸ் குடியரசாக இருந்தது. அரச குடும்பம் நாடு கடந்து வாழ்ந்தது. அப்போது இங்கிலாந்தில் ஒரு விமானத் தொழிற்சாலையில் வேறு பெயரில் மெக்கானிக்காக வேலை பார்த்தவர் அவர். 1935-ல் மன்னராட்சி திரும்பியது. அண்ணன் இரண்டாம் ஜார்ஜ் அரசரானார். அவருக்குக் குழந்தை இல்லை; அதே ஆண்டு விவாகரத்தும் ஆயிற்று. ஆகவே அடுத்த வாரிசு பாவ்லோஸ். 1936-ல் ஒலிம்பிக் போட்டிக்காக பெர்லின் வந்தபோது ஃப்ரெடரிக்காவிடம் சம்மதம் கேட்டார். 1938 ஜனவரி 9 அன்று ஏதென்ஸில் கல்யாணம். பெண்ணுக்கு இருபது வயது, மாப்பிள்ளைக்கு முப்பத்தாறு. அந்த ஆண்டு நவம்பரில் மூத்த மகள் சோஃபியா பிறந்தாள். 1940 ஜூனில் மகன் கான்ஸ்டன்டைன்.

மகன் பிறந்து ஐந்து மாதத்தில் இத்தாலி கிரீஸைத் தாக்கியது. கிரேக்கப் படை அதை அல்பேனிய மலைகளுக்குள் விரட்டியடித்தது. 1941 ஏப்ரல் 6 அன்று ஜெர்மனி வந்தது. இப்போது புகுந்த வீட்டின் மேல் குண்டு போடுவது பிறந்த வீடு. அப்பாவின் பெயரையே கொண்ட அண்ணன் எர்ன்ஸ்ட் ஆகஸ்ட் ஜெர்மன் ராணுவத்தில் இருந்தார்; தங்கை இரண்டரை வயதுப் பெண்ணையும் இன்னும் ஒரு வயது நிறையாத பிள்ளையையும் தூக்கிக்கொண்டு முதலில் கிரீட் தீவுக்கும், அங்கிருந்து எகிப்துக்கும் ஓடினார். அந்த ஜூன் 4 அன்று நெதர்லாந்தில் தாத்தா கெய்சர் செத்தார். கிரீட் தீவு ஜெர்மன் கைக்கு முழுதாகப் போய் மூன்று நாள்தான் ஆகியிருந்தது.

எகிப்திலிருந்து தென்னாப்பிரிக்கா. கேப் டவுனில் 1942 மே 11 அன்று கடைசி மகள் ஐரீன் பிறந்தாள். தென்னாப்பிரிக்கப் பிரதமர் ஜான் ஸ்மட்ஸ் ஞானத்தந்தை ஆனார். இங்கே தாயும் குழந்தைகளும் பசியில்லாமல் இருந்த அதே குளிர்காலத்தில் ஏதென்ஸ் தெருக்களில் மக்கள் பட்டினியால் விழுந்து செத்துக்கொண்டிருந்தார்கள். இந்த இடைவெளியைக் கிரேக்கர்கள் பலர் மன்னிக்கவில்லை. நாட்டில் தங்கிக் காட்டுக்குள் நின்று ஜெர்மானியரை எதிர்த்தவர்களில் பெரும்பகுதியினர் இடதுசாரிகள். போர் முடிந்ததும் அவர்களுக்கும் மன்னர் தரப்புக்கும் இடையே உள்நாட்டுப் போர் மூண்டது இந்தப் பின்னணியில்தான்.

1946 செப்டம்பரில் வாக்கெடுப்பு நடந்து மன்னர் குடும்பம் திரும்பியது. 1947 ஏப்ரல் 1 அன்று இரண்டாம் ஜார்ஜ் திடீரென இறந்தார். பாவ்லோஸ் அரசர். முப்பது வயதை எட்டுவதற்குள் ஃப்ரெடரிக்கா அரசி. வடக்கு மலைகள் எரிந்துகொண்டிருந்தன.

அவருடைய வாழ்க்கையில் நான் மிகவும் மதிக்கும் காட்சி இந்தக் காலத்தைச் சேர்ந்தது. அல்பேனிய எல்லையை ஒட்டிய கோனிட்சா என்ற சிறு மலை ஊரை 1947 கிறிஸ்துமஸ் நாளில் கம்யூனிஸ்ட் படை தாக்கியது. ஊரைப் பிடித்துத் தலைநகராக அறிவிப்பது அவர்கள் திட்டம். அரசுப் படை விடவில்லை. அரசருக்கு அப்போது டைஃபாய்டு காய்ச்சல். முற்றுகை விலகிய சில நாளிலேயே, சண்டை இன்னும் முழுதாக ஓயாத அந்த மலைப்பாதையில், அரசி ஜீப் ஏறிப் போய் இறங்கினார். சிப்பாய்களும் ஊர்ப் பெண்களும் அவரைச் சூழ்ந்துகொண்டார்கள். அரசர் வர முடியாத இடத்துக்கு அரசி வந்தார் என்ற பேச்சு நாடெங்கும் பரவியது. பிறந்த வீட்டின் நிழல் அவர்மேல் கொஞ்ச நாளாவது விழாமல் இருந்தது என்றால் அதற்குக் காரணம் இந்தப் பயணம்.

அவர் தொடங்கிய நிவாரண நிதியும் அதே ஆண்டுகளைச் சேர்ந்தது. சண்டை நடந்த ஊர்களிலிருந்து குழந்தைகளை அழைத்து வந்து தங்கவைக்க நாடு முழுவதும் 50-க்கும் மேற்பட்ட ‘பிள்ளைகள் ஊர்’களை அந்த நிதி நடத்தியது. ஆயிரக்கணக்கான பிள்ளைகளுக்கு சோறும் படுக்கையும் பள்ளிக்கூடமும் கிடைத்தன. இன்னொரு பக்கம், கம்யூனிஸ்டுகள் தங்கள் கட்டுப்பாட்டில் இருந்த ஊர்களிலிருந்து இருபத்தைந்தாயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளைக் கிழக்கு ஐரோப்பிய நாடுகளுக்கு அனுப்பினார்கள். பிள்ளைகளைக் கடத்திவிட்டார்கள் என்றது அரசு. காப்பாற்றினோம் என்றார்கள் அவர்கள். அரசியின் முகாம்களைப் பற்றியும் அதே இரண்டு வகைப் பேச்சு இருந்தது: அடைக்கலம் என்று ஒரு சாரார், மூளைச்சலவை என்று மறு சாரார். இரண்டிலும் கொஞ்சம் உண்மை உண்டு. பாடத்தோடு மன்னர் விசுவாசமும் சேர்த்தே ஊட்டப்பட்டது. கட்டுரை எழுதும் நான் அதை மறைக்க விரும்பவில்லை. ஆனால் பனியில் வெறுங்காலோடு நின்ற பிள்ளைக்கு அன்றைக்குத் தேவைப்பட்டது செருப்பும் சூப்பும். அதைக் கொடுத்த கையை நான் குறை சொல்ல மாட்டேன். குறை வேறு இடத்தில் இருந்தது. அந்த நிதி நாடாளுமன்றத்தின் கணக்கு வழக்குக்கு உட்படவில்லை. அரண்மனையின் சொந்தப் பையாகவே நடந்தது. போர் 1949-ல் முடிந்த பிறகும் அந்தப் பழக்கம் முடியவில்லை.

1954 கோடையில் அவர் செய்த வேலை வேறு மாதிரி. கிரீஸுக்கு வெளிநாட்டுப் பயணிகளை வரவழைக்க வேண்டும் என்று, ஐரோப்பாவின் அரச குடும்பங்களை ‘அகமெம்னான்’ என்ற கப்பலில் ஏற்றித் தீவு தீவாகச் சுற்றிக் காட்டினார். நூற்றுக்கும் மேற்பட்ட அரச குடும்பத்தினர். அவர்களில் பாதிப் பேர் ஆட்சி இழந்தவர்கள். அரசி ஒரு தாயாகவும் கணக்குப் போட்டிருப்பார் என்று அப்போதே பேசினார்கள். மணவயது நெருங்கும் பிள்ளைகள் பலர் கப்பலில் இருந்தார்கள். அவர்களில் ஒருவர் ஸ்பெயினின் ஹுவான் கார்லோஸ். சோஃபியாவும் அவரும் முதலில் சந்தித்தது அந்தக் கப்பலில்தான். 1962 மே 14 அன்று ஏதென்ஸில் அவர்கள் கல்யாணம் நடந்தது. பெண் ஆர்த்தடாக்ஸ், மாப்பிள்ளை கத்தோலிக்கர். ஆகவே ஒரே நாளில் இரண்டு தேவாலயத்தில் இரண்டு சடங்கு.

அந்தக் கல்யாணத்துக்கு வரதட்சணையை நாடாளுமன்றம் அரசுப் பணத்திலிருந்து ஒதுக்கியது. போரில் நொறுங்கி, பிழைப்புக்காக ஆட்கள் மேற்கு ஜெர்மனித் தொழிற்சாலைகளுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் கப்பலேறிக்கொண்டிருந்த நாடு அது. மகள் கல்யாணச் செலவை ஊர் ஏன் சுமக்க வேண்டும் என்ற கேள்வி சும்மா எழவில்லை. எதிர்க்கட்சி கொதித்தது. அரண்மனையின் செலவு, அரசியின் நிதி, அமைச்சர்கள் நியமனத்தில் அவர் மூக்கை நுழைக்கிறார் என்ற புகார் எல்லாம் சேர்ந்து ஒரே கோபமாகத் திரண்டன.

1963 ஏப்ரலில் அந்தக் கோபம் லண்டன் தெருவுக்கு வந்தது. ஓர் அரச கல்யாணத்துக்காக மகள் ஐரீனோடு அங்கே போயிருந்தார் ஃப்ரெடரிக்கா. உள்நாட்டுப் போர்க் காலத்திலிருந்து சிறையில் வாடிய கைதிகளை விடுவிக்கக் கோரி, கைதி ஒருவரின் பிரிட்டிஷ் மனைவியும் ஆதரவாளர்களும் ஓட்டல் வாசலில் காத்திருந்து சூழ்ந்துகொண்டார்கள். அரசியும் மகளும் ஒரு சந்துக்குள் ஓடினார்கள். கண்ணில் பட்ட கதவைத் தட்டினார்கள். திறந்தது முன்பின் தெரியாத ஒரு அமெரிக்க நடிகை. அவர் வீட்டுக்குள் ஒதுங்கித்தான் தப்பினார்கள். கணவரோடு பதினைந்து வருடத்துக்கும் மேலாகச் சிறைக் கம்பி வழியே வாழ்ந்த பெண் தெருவில். பேச மறுத்துக் கதவுக்குப் பின்னால் நிற்பவரும் ஒரு பெண். நின்று இரண்டு வார்த்தை கேட்டிருந்தால் என்ன குறைந்திருக்கும் என்று எனக்குத் தோன்றாமல் இல்லை. கோனிட்சாவுக்குப் போகத் துணிந்த அதே ஆள்தான் இவர்.

அடுத்த மாதமே கிரீஸில் இடதுசாரி நாடாளுமன்ற உறுப்பினர் கிரிகோரிஸ் லம்பிராகிஸ் தெஸலோனிக்கியில் தாக்கப்பட்டு இறந்தார். பிரிட்டனுக்கு அரசுமுறைப் பயணம் போக வேண்டாம் என்றார் பிரதமர் கரமன்லிஸ். அரண்மனை கேட்கவில்லை. பிரதமர் ராஜினாமா செய்தார். வலதுசாரிப் பிரதமரையே அரண்மனை இழந்த கணம் அது. அரச குடும்பத்தின் சரிவு இங்கிருந்து தொடங்குகிறது என்று நான் கணக்கிடுகிறேன்.

1964 மார்ச் 6 அன்று பாவ்லோஸ் வயிற்றுப் புற்றுநோயால் இறந்தார். இருபத்து மூன்று வயதில் கான்ஸ்டன்டைன் அரசர். செப்டம்பரில் டென்மார்க் இளவரசி ஆன்-மேரியை மணந்தார். புது அரசி வந்துவிட்டாள்; பழைய அரசி விதவைத் தாய். ஆனால் ‘அம்மா சொல்வதைத்தான் மகன் கேட்கிறான்’ என்பது ஏதென்ஸ் முழுதும் பேச்சு. 1965 ஜூலையில் பிரதமர் ஜார்ஜ் பப்பாந்த்ரேயு பாதுகாப்பு அமைச்சர் பொறுப்பைத் தானே ஏற்க விரும்பினார், அரசர் மறுத்தார், பிரதமர் பதவி விலகினார். மக்கள் ஆதரவு பெற்ற அரசு கவிழ்ந்தது. அதன் பிறகு நிலையான அரசு அமையவே இல்லை. பழி முழுக்கத் தாய் மேல் விழுந்தது.

இதில் எவ்வளவு நியாயம்? மகனுக்கு ஆலோசனை சொன்னார் என்பதில் சந்தேகமில்லை. அடக்கி ஒடுங்கி இருக்கும் சுபாவம் அவருக்குக் கிடையாது. ஆனால் ஓர் அரசர் எடுத்த தவறான முடிவுக்குத் தாயைக் கைகாட்டுவது எல்லா நாட்டிலும் எளிதான வழி. அதிலும் அந்தத் தாய் அந்நியநாட்டுக்காரி என்றால் இன்னும் எளிது. 1938-ல் வந்தவர், ஆர்த்தடாக்ஸ் திருச்சபையில் வாழ்ந்தவர், கிரேக்க மொழியில் பேசியவர், மூன்று கிரேக்கப் பிள்ளைகளைப் பெற்றவர். சுவர்களில் அவரைப் பற்றி எழுதியவர்களுக்கு அவர் கடைசிவரை ‘ஜெர்மன்காரி’தான்.

1967 ஏப்ரல் 21 அன்று ராணுவத் தளபதிகள் சிலர் ஆட்சியைப் பிடித்தார்கள். கான்ஸ்டன்டைன் அவர்களுக்குப் பதவிப் பிரமாணம் செய்துவைத்தார். டிசம்பர் 13 அன்று வடக்கே கவாலாவுக்குப் பறந்து எதிர்ப்புரட்சி செய்யப் பார்த்தார். ஒரே நாளில் அது பிசுபிசுத்தது. மனைவி, இரண்டு கைக்குழந்தைகள், தாய், தங்கை எல்லோரையும் ஒரே விமானத்தில் ஏற்றிக்கொண்டு ரோமுக்குப் போனார். பிறகு அரசராகக் கிரீஸ் மண்ணை மிதிக்கவில்லை. ராணுவ ஆட்சி விழுந்த பின் 1974 டிசம்பர் 8 அன்று நடந்த வாக்கெடுப்பில் சுமார் 69 சதவீதம் பேர் மன்னராட்சி வேண்டாம் என்றார்கள்.

இந்தக் கட்டத்தில்தான் கதை மெட்ராஸைத் தொடுகிறது. ஃப்ரெடரிக்காவுக்கு அணு இயற்பியலில் ஆர்வம் இருந்தது. பொருளின் அடியில் இருப்பது என்ன என்ற கேள்வி அவரை வேதாந்தத்துக்குக் கொண்டுவந்தது. மெட்ராஸ் பல்கலைக்கழகத் தத்துவ உயராய்வு மையத்தின் இயக்குநராக இருந்த பேராசிரியர் டி.எம்.பி. மகாதேவனிடம் அவரும் ஐரீனும் அத்வைதம் படித்தார்கள். காஞ்சி சங்கராச்சாரியார் சந்திரசேகரேந்திர சரஸ்வதியைத் தரிசித்தார்கள். நாடு இழந்த பிறகு தாயும் மகளும் பல ஆண்டுகள் மெட்ராஸில் வந்து வந்து தங்கினார்கள். ஐரீன் பியானோ கலைஞர். பின்னாளில் மாட்ரிட்டில் ஒரு தொண்டு அமைப்பைத் தொடங்கியவர். நான்-எனது என்ற பற்றை அறுக்கச் சொல்லும் தத்துவத்தை, எல்லாவற்றையும் பறிகொடுத்த ஒரு பெண் இந்த ஊரில் உட்கார்ந்து படித்தார் என்பதை நினைக்கும்போது எனக்கு மனம் கனக்கும்.

1981 பிப்ரவரி 6. மாட்ரிட்டில் மகள் சோஃபியா ஸ்பெயினின் அரசி. அங்கே கண்ணிமை அறுவை சிகிச்சை ஒன்றின்போது மாரடைப்பு வந்து ஃப்ரெடரிக்கா இறந்தார். வயது 63. கணவர் பக்கத்தில் புதைக்க வேண்டும். கணவரின் கல்லறையோ ஏதென்ஸுக்கு வடக்கே தட்டோய் காட்டுக்குள் இருக்கும் பழைய அரண்மனைத் தோட்டத்தில். கிரேக்க அரசு நீண்ட விவாதத்துக்குப் பிறகு அனுமதித்தது: அடக்கத்துக்கு வரலாம், சில மணி நேரத்தில் கிளம்பிவிட வேண்டும். பதின்மூன்று ஆண்டுக்குப் பிறகு முதல்முறையாகக் கிரீஸுக்கு வந்த கான்ஸ்டன்டைன் தாயின் குழியில் மண் போட்டுவிட்டு அன்றே விமானம் ஏறினார்.

தாய் இறந்து பதினேழாம் நாள், பிப்ரவரி 23 மாலை, மாட்ரிட் நாடாளுமன்றத்துக்குள் துப்பாக்கியோடு புகுந்தது ஸ்பெயின் காவல்படையின் ஒரு பிரிவு. 1967 ஏப்ரலில் மைத்துனர் நின்ற அதே இடத்தில் இப்போது மருமகன், ஸ்பெயின் அரசர் ஹுவான் கார்லோஸ். கான்ஸ்டன்டைன் அன்று தளபதிகளுக்குத் தலையாட்டியதன் விலை என்ன என்பது அந்த வீட்டுக்குப் புத்தகம் படித்துத் தெரிய வேண்டியதில்லை; துக்கத்தின் கறுப்பு உடையை சோஃபியா இன்னும் களைந்திருக்க மாட்டார். ஹுவான் கார்லோஸ் இரவு முழுவதும் ராணுவத் தளபதிகளுக்கு ஒவ்வொருவராக போன் போட்டார். நள்ளிரவு தாண்டி ஒரு மணிக்குப் பிறகு, ராணுவச் சீருடையில் தொலைக்காட்சியில் தோன்றி, அரசியல் சட்டத்தின் பக்கம்தான் தான் நிற்பதாகச் சொன்னார். மறுநாள் பகலுக்குள் கலகம் அடங்கியது.

கான்ஸ்டன்டைன் 2023 ஜனவரி 10 அன்று ஏதென்ஸில் இறந்தார். அரசு மரியாதை கிடையாது, தனி மனிதராகத்தான் அடக்கம் என்று அரசு முடிவு செய்தது. ஜனவரி 16 அன்று தட்டோயில் அண்ணனும் அக்காவும் தங்கையும் கடைசியாக ஓரிடத்தில் இருந்தார்கள்: பெட்டிக்குள் கான்ஸ்டன்டைன், பக்கத்தில் சக்கர நாற்காலியில் வந்திருந்த ஐரீன், எண்பத்து நான்கு வயது சோஃபியா. அதே தோட்டத்தில்தான் பாவ்லோஸும் ஃப்ரெடரிக்காவும் கிடக்கிறார்கள்.